பூச்சியத்துக்குக் கீழே பத்து

சூஃபியா லாத்தாவைப் பற்றி எழுதப் போகிறேன் என்று அவரிடமே போய்ச் சொன்னேன். "எழுது புள்ள. ஆனா என்னைய ரொம்ப நல்லவளாக் காட்டாத" என்றார். அந்தக் கவலையே அவருக்கு வேண்டாம். பெரியபட்டினத்தில் அவரிடம் ஒரு தடவையாவது வாங்கிக் கட்டிக்கொள்ளாத பெண் எங்கள் தெருவில் கிடையாது. எனக்கு வாரம் ஒரு முறை கிடைக்கும். நான் அவருடைய சின்னம்மா மகள், லாத்தா என்று கூப்பிடும் தங்கை என்பதால் கொஞ்சம் கூடுதலாகவே கிடைக்கும்.

எங்கள் பக்கம் ஒரு பெண் மௌத்தாகிவிட்டால் முதலில் கூப்பிடுவது சூஃபியா லாத்தாவைத்தான். மய்யித்தைக் குளிப்பாட்டி, கஃபன் துணி உடுத்தி, அடக்கம் செய்ய மையவாடிக்கு அனுப்பி வைக்கும் வரை எல்லாம் அவர் பொறுப்பு. கூட நின்று தண்ணீர் ஊற்றுவது நான். அவர் எட்டாம் வகுப்போடு நின்றவர். கணக்கில் எப்போதும் முதல் மார்க் என்று அவரே சொல்லிக்கொள்வார். கூடப் படித்தவர்கள் இரண்டாவது மார்க் என்கிறார்கள். கட்டிய மாப்பிள்ளை காலமான பிறகு யாரும் கேட்காமலே இந்த வேலைக்கு வந்தார். "பொம்பளையப் பொம்பளைதான் குளிப்பாட்டணும். எல்லாரும் பயந்துக்கிட்டு மூலையில ஒக்காந்தா யாரு செய்யிறது?" என்பார். அதற்கு மேல் விளக்கம் கிடையாது.

குளிப்பாட்டும் மறைப்புக்குள் கண்டதை வெளியே சொல்லக் கூடாது என்பது எங்கள் மார்க்கம். இத்தனை வருஷத்தில் அவர் ஒரு சொல் சொல்லி நான் கேட்டதில்லை. நானும் சொன்னதில்லை. இப்போது சொல்லப் போகிற இந்த ஒரு விஷயத்துக்கு மட்டும் லாத்தாவும் அவருடைய தம்பி நவ்ஷாதும் எனக்கு அனுமதி தந்திருக்கிறார்கள். மய்யித்து அவர்களைப் பெற்ற உம்மா.

முதலில் பெட்டியைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். எங்கள் ஊரில் வீட்டுக்கு ஒருவர் கடல் தாண்டி இருக்கிறார். மார்க்கம் சீக்கிரம் அடக்கச் சொல்கிறது. விமானம் சீக்கிரம் வர மாட்டேன் என்கிறது. பெற்றவளின் முகத்தைப் பார்க்காமல் போன பிள்ளைகள் சிலர் சேர்ந்துதான் ஒரு குளிர்பெட்டி வாங்கித் தெருவுக்குக் கொடுத்தார்கள். மேலே கண்ணாடி மூடி. பக்கவாட்டில் சிவப்பாக எண் காட்டும் ஒரு சின்னத் திரை. எண்ணை ஏற்ற ஒரு பொத்தான், இறக்க ஒரு பொத்தான். அவ்வளவுதான் அதன் வித்தை.

பெட்டி வந்த புதிதில், கொண்டுவந்தவன் மைனஸ் ஐந்தில் வைத்துவிட்டு, "நல்லா ஜில்லுன்னு இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனான். அன்றைக்கு அதில் இருந்தது யார் என்று சொல்ல மாட்டேன். மறுநாள் நாங்கள் குளிப்பாட்டப் போனபோது உடம்பு உறைந்திருந்தது. குளிப்பாட்டும்போது கை காலை மெல்ல மடக்கி நீட்ட வேண்டும், இடப்பக்கமும் வலப்பக்கமும் சாய்க்க வேண்டும், வயிற்றை லேசாக அழுத்த வேண்டும். எதுவும் முடியவில்லை. அன்று வெளியே வந்ததும் லாத்தா போட்ட சட்டம்: பெட்டி ஒருபோதும் பூச்சியத்துக்குக் கீழே போகக் கூடாது. உள்ளே இரண்டு இருக்க வேண்டும். பிளஸ் இரண்டு.

எனக்கு அப்போது இந்த மைனஸ் விவகாரமே பிடிபடவில்லை. "லாத்தா, மைனஸ் பத்து பெருசா, மைனஸ் ரெண்டு பெருசா? பத்துதானே பெருசு?" என்று கேட்டுத் தொலைத்தேன். அவர் என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுத முடியாது.

"உன் வீட்டு ஃப்ரிட்ஜுல மேல் அறையில என்ன வைப்ப?"

"மீனு."

"கீழ?"

"தக்காளி, கத்திரிக்கா."

"மீன் அறை மைனஸ். தக்காளி அறை பிளஸ். மைனஸ்ல நம்பர் பெருசாகப் பெருசாகக் குளிர்தான் ஏறும், சூடு எறங்கிக்கிட்டே போகும். அப்ப மைனஸ் ரெண்டுதான் பெருசு, மைனஸ் பத்துதான் சின்னது. மய்யித்து தக்காளி அறையிலதான் இருக்கணும், மீன் அறையில இல்ல. வெளங்குச்சா?"

விளங்கியது. அதற்குப் பிறகு பல நாள் கண்ணை மூடிக்கொண்டுதான் தக்காளி எடுத்தேன் என்பது வேறு விஷயம்.

இன்னொரு சங்கடமும் வந்து சேர்ந்தது. ஒரு சமயம் திரை மூன்று காட்டிக்கொண்டிருக்கும்போதே பெட்டியின் ஓரத்தில் இருந்த ஈரம் பனிக்கட்டியாக இருந்ததை லாத்தா பார்த்துவிட்டார். பூச்சியத்துக்கு மேலே தண்ணீர் எப்படி உறையும்? ராமநாதபுரத்திலிருந்து பழுது பார்க்கிறவர் வந்து உள்ளே வேறொரு தெர்மாமீட்டரை வைத்துப் பார்த்தார். "உள்ள இருக்குறதவிட நாலு கூடக் காட்டுதும்மா. சென்சார் மாத்தணும்" என்றார். மாற்ற வேண்டிய சாமான் இன்றைக்கு வரும், நாளைக்கு வரும் என்று சொல்லிச் சொல்லி, அது வராமலே போனது. எங்களுக்கும் பழகிவிட்டது. திரை காட்டும் எண்ணோடு மைனஸ் நான்கைக் கூட்டிக்கொள்ள வேண்டும். ஆறு காட்டினால் உள்ளே இரண்டு. நான்கு காட்டினால் பூச்சியம். இரண்டு காட்டினால் மைனஸ் இரண்டு. பெட்டி எந்த வீட்டுக்குப் போனாலும் லாத்தா கூடவே போய் ஆறில் வைத்துவிட்டு, "யாரும் இதுல கை வைக்கப்புடாது" என்று அந்த வீட்டு ஆண்களையும் சேர்த்து மிரட்டிவிட்டு வருவார்.

போன வருஷம் நோன்புக்குப் பிறகு ஒரு நாள் விடியற்காலை சுபுஹு நேரத்தில் அவருடைய உம்மா காலிதா மௌத்தானார்கள். படுக்கையில் கிடந்து, எல்லோரும் எதிர்பார்த்த மௌத்துதான். ஆனாலும் வந்தபோது லாத்தாவுக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. உம்மா கடைசிவரை இரண்டு விஷயம் சொல்லிக்கொண்டே இருந்தார்கள். "என்னைய நீதான் குளிப்பாட்டணும், வேற ஆளு தொடக்கூடாது." இன்னொன்று, "ஃபஹத் வந்து என் முகத்தப் பாக்கணும்." ஃபஹத் கடைக்குட்டி, அரபு நாட்டில் தமாமில் வண்டி ஓட்டுகிறான். அன்று இரவுக்குள் மதுரைக்கு வந்து இறங்கிவிடுவான் என்றார்கள். லாத்தா வழக்கம்போலப் பெட்டியைத் தன் கையாலேயே ஆறில் வைத்தார். பெண் மய்யித்து என்பதால் கண்ணாடியின் மேல் முழுதாக வெள்ளைத் துணி போர்த்தினோம்.

இனி நவ்ஷாத். இந்த இடத்தில் அவனைப் பற்றிக் கொஞ்சம் சொல்லாமல் முடியாது. அவன் நடுப்பிள்ளை. உம்மாவுக்குப் பிடிக்காத இடத்தில் கல்யாணம் செய்துகொண்டு, மண்டபம் ஊர்ப் பக்கம் மீன், நண்டு உறைய வைக்கும் ஒரு கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்தான். பல வருஷம் இந்த வீட்டுப் படி ஏறவில்லை. உம்மாவும் கூப்பிடவில்லை. இரண்டு பேரும் ஒரே வார்ப்பு. அந்த நோன்பில்தான் வந்து காலடியில் உட்கார்ந்தான். உம்மா ஒன்றும் பேசாமல் தலையைத் தடவிக்கொடுத்தார்கள். அதற்குள் காலம் முடிந்துவிட்டது. "நான் உம்மாவுக்கு ஒரு வேளை கஞ்சிகூடக் கொடுக்கல" என்று அன்று காலையிலிருந்து அதையே சொல்லிச் சொல்லி அழுதுகொண்டிருந்தான். பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு, "இத நான் பாத்துக்கிறேன் லாத்தா. குளிர்பெட்டி எனக்குப் பழக்கந்தானே" என்றான்.

"ஆறு காட்டணும். நாலு கூடக் காட்டுற பெட்டி இது, ஞாபகம் வச்சுக்க" என்றார் லாத்தா. சரி என்றான்.

பகல் முழுக்க ஆட்கள் வந்து போனார்கள். மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு ஃபஹத் போனில் அழுதான். ஊருக்கு வரும் அனுமதியில் அவனுடைய முதலாளி கையெழுத்துப் போடத் தாமதமாகி, விமானம் போய்விட்டது. மறுநாள் நண்பகலுக்குத்தான் வந்து சேர முடியும். அடக்கிவிடலாம் என்று ஜமாஅத்தில் சிலர் சொன்னார்கள். லாத்தா முடியாது என்றுவிட்டார். பெண்கள் அவரை உள்ளறையில் பிடித்து உட்கார வைத்து, யாசீன் ஓத ஆரம்பித்தார்கள். அடுத்த வீட்டு மய்யித்தாக இருந்தால் நிமிஷத்துக்கு ஒரு தடவை போய்ப் பெட்டியைப் பார்த்திருப்பார். தன் உம்மா என்பதால் அன்று அவரும் மற்றவர்கள் மாதிரி அழுதுகொண்டு உட்கார்ந்துவிட்டார். தம்பி இருக்கிறான் என்ற நம்பிக்கை வேறு.

இன்னும் ஒரு நாள் என்றதும் நவ்ஷாதுக்குப் பயம் வந்துவிட்டது. உள்ளே இரண்டுதான் என்றால் போதாதே என்று நினைத்திருக்கிறான். அவனுடைய கம்பெனியில் பிளஸ் இரண்டில் ஒரு நாள் கிடந்த மீனை யாரும் கையில் எடுக்க மாட்டார்கள். மைனஸ் இரண்டு என்றால் உறையவும் உறையாது, கெடவும் கெடாது என்று அவனாக ஒரு முடிவுக்கு வந்தான். அவசரத்தில் கை போன போக்கில் அழுத்திவிடவில்லை, பாவம், நிதானமாகக் கணக்குப் போட்டுத்தான் செய்தான். அவன் வேலை செய்கிற அறைகளில் எல்லாமே பூச்சியத்துக்குக் கீழே. அங்கே யாரும் மைனஸ் என்று சொல்வதுகூட இல்லை. பதினெட்டு, இருபது என்றுதான் பேச்சு. அங்கே எண் கூடினால் குளிர் கூடியதாக அர்த்தம். ஆகவே நாலு கூடக் காட்டும் பெட்டி என்றால், நாலு டிகிரி குளிரைக் கூட்டிக் காட்டும் பெட்டி என்று எடுத்துக்கொண்டான். மைனஸ் ஆறு காட்டினால், அதில் நாலு பொய், மிச்சம் இரண்டு. உள்ளே மைனஸ் இரண்டு. மைனஸ் ஆறில் வைத்துவிட்டு, நிம்மதியாக நாற்காலியில் உட்கார்ந்தான்.

உண்மையில் அவனுக்கு மைனஸ் இரண்டு வேண்டும் என்றால் திரையில் பிளஸ் இரண்டு வைத்திருக்க வேண்டும்.

மறுநாள் நண்பகல் லுஹருக்குக் கொஞ்சம் முன்னால் ஃபஹத் வந்துவிட்டான் என்று தகவல் வந்தது. முதலில் குளிப்பாட்டிவிடுவோம், பிறகு முகம் பார்க்கட்டும், லுஹர் தொழுகையோடு அடக்கிவிடலாம் என்று ஏற்பாடு. லாத்தாவும் நானும் இன்னும் இரண்டு பெண்களும் பெட்டிக்குப் போனோம். துணியை விலக்கி மூடியைத் திறந்தார் லாத்தா. உம்மாவின் இமை முடியில் வெள்ளையாகப் பனி பூத்திருந்தது. உதட்டிலும் இருந்தது. லாத்தா கன்னத்தில் விரலை வைத்தார், உடனே எடுத்தார், திரையைத் திரும்பிப் பார்த்தார். மைனஸ் ஆறு. என் மனசிலும் அந்தக் கணக்கு ஓடியது. மைனஸ் ஆறோடு மைனஸ் நாலு. மைனஸ் பத்து.

"மெல்லத் தூக்குங்க" என்று மட்டும் சொன்னார் லாத்தா. விரிப்போடு சேர்த்து நாங்கள் நான்கு பேர் தூக்கினோம். எங்கும் மடியாமல், தொய்யாமல், உம்மா பலகை மாதிரி வந்தார்கள். கூட வந்த இரண்டு பெண்களும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டதை நான் கவனித்தேன். எங்கள் ஊர் வாய்க்கு இது போதும். மய்யித்து மெத்தென்று இருந்தால் நல்ல மௌத்து, விறைத்துக் கிடந்தால் ஏதோ குறை என்று பேசுகிற ஆட்கள் இங்கே உண்டு. அப்படி எந்த மார்க்கக் கிதாபிலும் இல்லை என்று பள்ளிவாசல் ஹஜ்ரத் எத்தனையோ தடவை சொல்லியாகிவிட்டது. யார் காதில் போட்டுக்கொண்டார்கள்?

மறைப்புக்குள் பலகையில் கிடத்தியதும் லாத்தா அந்த இரண்டு பேரையும் உள்ளே ஓதப் போகச் சொல்லிவிட்டார். என்னை மட்டும் நிறுத்திக்கொண்டார். "லுஹருக்கு முடியாது, அஸருக்குத்தான்னு போய்ச் சொல்லிட்டு வா" என்றார்.

"அவ்வளவு நேரமா லாத்தா? பத்துலேருந்து ரெண்டுக்கு வர எட்டுதானே?"

"எட்டு இல்ல. ஜீரோவுக்கு வரவே பத்து ஏறணும். அதுக்கு மேல ரெண்டு. பன்னெண்டு. சுடுதண்ணி ஊத்தவும் முடியாது, தோலு தாங்காது. போ."

போய்ச் சொன்னேன். வெளியே முணுமுணுப்பு. குளிப்பாட்ட முடியாத நிலையில் இருந்தால் தண்ணீருக்குப் பதில் மண்ணால் தயம்மும் செய்து அடக்கலாம், மார்க்கத்தில் அதற்கு இடம் இருக்கிறது என்று ஹஜ்ரத் சொல்லி அனுப்பினார். அவர் சொன்னது சரிதான். நான் வந்து சொன்னபோது லாத்தா, "என் உம்மா எங்கிட்டக் கேட்டது தண்ணி. கொஞ்சம் பொறுக்கச் சொல்லு" என்றார்.

அதன் பிறகு நடந்ததை என்னால் மறக்க முடியாது. இலந்தை இலை போட்ட வெதுவெதுப்பான தண்ணீரில் துணியை நனைத்துப் பிழிந்து, முழங்கை, தோள், முழங்கால் என்று மூட்டு மூட்டாகச் சுற்றினோம். ஆறியதும் எடுத்து மறுபடி நனைத்துச் சுற்றினோம். லாத்தா உம்மாவின் இரண்டு பாதங்களையும் எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார், கைவிரல்களைத் தன் உள்ளங்கைக்குள் பொத்திக்கொண்டார். அவருடைய விரல்கள் மரத்துப்போய், பிழிந்த துணி நழுவி விழுந்தது. நான் அழுதேன். அவர் அழவில்லை. கோபமாக இருந்தார். யார் மேல் என்று நான் கேட்கவில்லை.

இடையில் மறைப்புக்கு வெளியே நவ்ஷாதின் குரல் கேட்டது.

"லாத்தா, ஏன் நேரமாவுது? உம்மா நல்லா இருக்காங்கள்ல? கெட்டுப் போகலையே?"

லாத்தா என்னைப் பார்த்தார். அப்போதே சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். அவருடைய கோபத்தை அறிந்தவள் நான். துணியைக் கீழே வைத்துவிட்டு, மறைப்புப் பக்கம் திரும்பினார்.

"ஒரு கொறையும் இல்லடா. நல்லாப் பாத்துக்கிட்ட."

வெளியே அவன் விம்மி விம்மி அழுதான். "அல்ஹம்துலில்லாஹ். இதாச்சும் செஞ்சேன் லாத்தா. உம்மாவுக்கு இது ஒண்ணாச்சும் செஞ்சேன்" என்றான்.

அஸர் நெருங்கும்போது கைகள் மடங்கின. முறைப்படி குளிப்பாட்டி, கற்பூரம் கலந்த தண்ணீரைக் கடைசியாக ஊற்றி, கஃபன் உடுத்தினோம். ஃபஹத் வந்து முகத்தைப் பார்த்தான். "தூங்குற மாதிரியே இருக்காங்க" என்றான். அவன் பார்த்ததும் மய்யித்தை வைத்த சந்தூக்கைத் தூக்கினார்கள்.

பிறகு ஊர் பேசியது. அந்த இரண்டு பெண்களில் ஒருத்தி வாயைத் திறந்திருக்க வேண்டும். காலிதா உம்மாவுக்கு உயிரோடு இருந்தபோது நாக்கு கொஞ்சம் கூர்மை. அதையும் இதையும் சேர்த்து முடிச்சுப் போட்டார்கள். பெற்ற மகனை வருஷக்கணக்கில் வாசலில் நிறுத்தினால் உடம்பு இப்படித்தான் விறைக்கும் என்று ஒரு கல்யாண வீட்டில் என் காதுபடவே சொன்னார்கள். லாத்தாவும் அங்கே இருந்தார். வேறு எதற்காவது என்றால் பந்தியையே கலைத்திருப்பார். அன்று தண்ணீர் தம்ளரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எனக்குத்தான் பொறுக்கவில்லை. வரும் வழியில், "ஒரு வார்த்த சொன்னா முடிஞ்சுச்சு. பெட்டி தப்பா இருந்துச்சுன்னு" என்றேன்.

"பெட்டிக்குப் பக்கத்துல யாரு இருந்தான்னு கேப்பாங்க."



நவ்ஷாதுக்கோ அந்தப் பெட்டி ஒரு பிடிமானமாகிவிட்டது. ஃபஹத் வரும்வரை உம்மாவை நான்தான் பாதுகாத்தேன், ஒரு வாடை அடிக்கவில்லை என்று டீக்கடையில் சொல்லுவான். இனி பெட்டி வேலையை நானே பார்க்கிறேன் என்று இரண்டு மூன்று தடவை வந்து கேட்டான். லாத்தா, "வேண்டாம், நான் இருக்கேன்ல" என்று தட்டிக் கழித்தார். காரணம் சொல்லாததால் அவனுக்கு மனத்தாங்கல்.

இந்த வருஷம் மிளகாய்ப் பழம் பறித்துக் காயப்போடும் சமயம். ஒரு நாள் காலை பத்து மணி வாக்கில் பெட்டி வைக்கும் அறையைக் கூட்டப் போன லாத்தா, அங்கே பெட்டி இல்லை என்று என்னிடம் ஓடிவந்தார். விசாரித்தால், ராமநாதபுரத்துக்கு மேற்கே ஒரு கிராமத்தில் தங்கப்பாண்டி என்பவரின் தாயார் சோணையம்மாள் இறந்துவிட்டார். தங்கப்பாண்டி நவ்ஷாதோடு கம்பெனியில் வேலை செய்பவர். அவருடைய தங்கை துர்காதேவி மலேசியாவிலிருந்து வர வேண்டும். தங்கப்பாண்டி நேராக நவ்ஷாதுக்குப் போன் செய்ய, அவன் வேன் வைத்துப் பெட்டியை ஏற்றிக்கொண்டு விடியலிலேயே போய்விட்டான்.

லாத்தா செருப்பைத் தேடக்கூட நிற்கவில்லை. என்னுடைய செருப்பைப் போட்டுக்கொண்டு ஆட்டோவில் ஏறினார். வழியெல்லாம் நவ்ஷாதின் போனை அடித்துக்கொண்டே வந்தார். அவன் எடுக்கவில்லை. இழவு வீட்டில் எடுக்க மாட்டான்.

அந்த வீட்டு வாசலில் பந்தல் போட்டு, பெண்கள் வட்டமாக உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தார்கள். பெட்டிக்குள் சோணையம்மாள், நெற்றி நிறையத் திருநீறோடு. பக்கத்தில் நாற்காலி போட்டு நவ்ஷாத். திரையில் மைனஸ் ஆறு. தங்கப்பாண்டி எழுந்து வந்து கும்பிட்டு, "வாங்கக்கா. தங்கச்சி நாளைக்கு வந்துருவா. அவ கையால தண்ணி ஊத்திக் குளிப்பாட்டணும்னு ஆத்தா சொல்லிட்டுப் போயிருக்கு" என்றார். லாத்தாவின் முகம் எப்படிப் போனது என்று எனக்குத்தான் தெரியும்.

தம்பியைக் கூப்பிட்டுக்கொண்டு வேனுக்குப் பின்னால் போனார். நானும் போனேன். வேனின் கதவில் செம்மண் தூசி அப்பியிருந்தது.

"பெட்டி எவ்வளவு காட்டுது நவ்ஷாத்?"

"மைனஸ் ஆறு. உம்மாவுக்கு வச்ச மாதிரியே."

"உள்ள எவ்வளவு இருக்கும்?"

"நாலு கூடக் காட்டுற பெட்டிதானே. ஆறுல நாலு போனா ரெண்டு. மைனஸ் ரெண்டு இருக்கும்."

லாத்தா விரலால் தூசியில் மேலிருந்து கீழாக ஒரு கோடு இழுத்தார். நடுவில் ஒரு வட்டம் போட்டார். "இது ஜீரோ. உன் மைனஸ் ஆறு எங்கன இருக்கு, காட்டு." அவன் வட்டத்துக்குக் கீழே விரலை வைத்தான். "கூடக் காட்டுதுன்னா, நெசத்தவிட மேல காட்டுது. அப்ப நெசம் அதுக்கும் கீழ இருக்கு. இங்கேருந்து நாலு கீழ எறங்கு."

அவன் விரல் இறங்கியது. ஏழு, எட்டு என்று வாய்க்குள் சொன்னான். ஒன்பதுக்குப் பிறகு சொல்லவில்லை. விரல் மட்டும் இன்னும் ஒரு படி கீழே போய் நின்றது. கோட்டின் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"உம்மா?"

"ஆமா."

"அதனாலதான் அன்னைக்கு அவ்வளவு நேரம்?"

லாத்தா தலையை மட்டும் அசைத்தார். அவன் வேன் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டான். உம்மாவைப் பற்றி ஊர் பேசியதெல்லாம் அவன் காதுக்கும் போயிருந்தது. அதற்கெல்லாம் காரணம் எது என்று அப்போதுதான் அவனுக்கு உறைத்திருக்க வேண்டும். இதைப் பார்க்க வேண்டாம் என்றுதான் லாத்தா ஒரு வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தார்.

"ஏன் லாத்தா அன்னைக்கே சொல்லல?"

"நீ மனசு ஒடைஞ்சு போயி நின்ன. எனக்கு வாய் வரல."

"அப்ப இன்னைக்கு மட்டும் ஏன் சொன்ன?"

"அன்னைக்கு அது நம்ம உம்மா. நான் தாங்கிக்கிட்டேன். இது அடுத்தவங்க உம்மா நவ்ஷாத்."

அவன் சட்டைக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். லாத்தா போய் எண்ணை மாற்றப் போகிறார் என்று நினைத்தேன். அவன் அவரை முந்திக்கொண்டு பந்தலுக்குள் போனான். தங்கப்பாண்டியும் அந்தப் பெண்களும், எங்கள் ஊரிலிருந்து வேனில் கூட வந்த ஆட்களும் பார்த்துக்கொண்டிருக்க, பெட்டிக்குப் பக்கத்தில் நின்றான்.

"தங்கப்பாண்டி, நான் இதத் தப்பா வச்சிருந்தேன். ஆத்தா ஒடம்பு ஒறைஞ்சு போயிருக்கும். எங்க உம்மாவுக்கும் நான்தான் இப்படித் தப்பா வச்சேன். அவங்க மேல ஒரு கொறையும் கிடையாது. என் கணக்கு தப்பு."

அவன் குனிந்து பொத்தானை அழுத்தினான். எண் ஒவ்வொன்றாக ஏறி, பூச்சியத்தைத் தாண்டி, ஆறில் நின்றது.